சிஞ்ஞோராவுக்குப் பாடமாக்கிய மூன்று படங்கள்

ஞாயிற்றுக்கிழமை என்னுடைய லீவு நாள். இத்தாலிக்கு வந்து, ஆறு நாள் லிபெர்த்தா வீதியில் சிஞ்ஞோரா என்று நான் கூப்பிடுகிற அம்மாவின் வீட்டில் படுத்தெழும்பி, ஏழாம் நாள் ஒரேத்தோவில் எங்கள் வீட்டில் என் சொந்தக் கட்டிலில் பகல் முழுக்க நித்திரை கொள்வதற்காகவே உயிரைப் பிடித்துக்கொண்டிருந்த ஆள் நான். போன ஒக்டோபரில் அப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமையையும் பறித்து என்னை ஓவியம் பார்க்க வைத்தார்கள். கோதாரி விழுந்த ஓவியம்.

காரணத்தைச் சொல்லிவிடுகிறேன். சிஞ்ஞோராவுக்கு எண்பத்து மூன்று வயது. முப்பது வருடம் பள்ளிக்கூடத்தில் சித்திரம் படிப்பித்தவர். ஒவ்வொரு வருடமும் வகுப்புப் பிள்ளைகளை நகரத்தின் பெரிய அருங்காட்சியகத்துக்குக் கூட்டிக்கொண்டு போய், ஐந்நூறு அறுநூறு வருடப் பழைய ஓவியங்களுக்கு முன்னால் நிறுத்தி விளங்கப்படுத்தினவர். கணவர் இல்லை. ஒரே மகள் மிலானோவில் வேலை. நான் சிஞ்ஞோராவோடு தங்கி நிற்கிற பதாந்தே. குளிக்க வார்ப்பது, உடுப்பு மாற்றுவது, சமைப்பது, சாப்பாடு தீத்துவது, இரவில் மூன்று தரம் எழும்புவது எல்லாம் நான்தான். இரண்டு வருடமாக அவருடைய ஞாபகம் கொஞ்சம் கொஞ்சமாகக் கழன்றுகொண்டு வந்தது. முதலில் கண்ணாடியை எங்கே வைத்தார் என்பது மறந்தது. பிறகு அது எதற்கு என்பதே மறந்துவிட்டது.

இதை நான் மகளுக்குச் சொல்லவில்லை. ஒவ்வொரு நாளும் பின்னேரம் ஏழு மணிக்கு வீடியோவில் கதைப்பாள். நான் ஃபோனுக்குப் பின்னால் நின்றுகொள்வேன். மத்தியானம் என்ன சாப்பிட்டீர்கள் என்று அவள் கேட்டால் கழுவாத தட்டைத் தூக்கிக் காட்டுவேன். வெளியே போனீர்களா என்று கேட்டால் கோட்டைத் தூக்கிக் காட்டுவேன். சிஞ்ஞோரா கெட்டிக்காரி, பார்த்துச் சொல்லிவிடுவார். சும்மா சொல்லக்கூடாது, ஒரு நாடகக் கொம்பனி நடத்துகிற அளவுக்கு இரண்டு பேரும் தேறிவிட்டோம்.

ஏன் இந்தக் கூத்து என்று கேட்டால், ஒருநாள் அவருடைய பழைய சிநேகிதி ஒருவரை முதியோர் இல்லத்தில் போய்ப் பார்த்துவிட்டு வந்தோம். வந்த அன்று சப்பாத்தைக் கழற்றவிடாமல் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். "என்னை அங்கை அனுப்ப விட்டிடாதை" என்றார். "விடமாட்டன்" என்றேன். அது ஒரு காரணம். மற்றதையும் ஒளிக்காமல் சொல்கிறேன். அவர் போனால் என் வேலையும் போகும். இங்கே இருப்பதற்கான அனுமதி அட்டை, பெர்மெஸ்ஸோ, அதைப் புதுப்பிக்க வேலைக் கடிதம் வேண்டும். ஐம்பத்தெட்டு வயதில் இன்னொரு வீட்டு மணியை அடித்து, இன்னொரு சிஞ்ஞோராவின் பல்செட் எந்தக் கிளாசில் ஊறுகிறது என்பதிலிருந்து தொடங்க வேண்டும் என்று நினைக்கவே பஞ்சியாக இருந்தது.

மகள் முட்டாள் இல்லை. ஏதோ மணந்திருக்கிறது. ஒருநாள் அம்மாவோடு கதைத்து முடித்த பிறகு என்னைக் கூப்பிட்டாள். அவளும் மற்றவர்களும் இத்தாலியில் சொன்னதை எல்லாம் என் வாய்ப் பேச்சிலேயே எழுதுகிறேன்.

"அடுத்த கிழமை நான் வாறன். ஞாயிற்றுக்கிழமை மூண்டு பேரும் மியூசியம் போவம். வழிகாட்டியோடை ஒரு சுற்றுக்குப் பதிஞ்சிட்டன். அம்மாவுக்கு அந்தப் படங்கள் உள்ளங்கை மாதிரி. அதுகளையே அவவுக்குத் தெரியேல்லை எண்டால், இனி அவ வீட்டிலை இருக்கேலாது. எங்கடை வீட்டுக்குக் கிட்ட ஒரு இல்லம் பாத்து வைச்சிருக்கிறன். தெரிஞ்சால் இப்பிடியே இருக்கட்டும்."

சொல்லும்போது அவள் மூக்கைச் சிந்திக்கொண்டாள். கல்நெஞ்சுக்காரி என்று அவளைச் சொல்ல மாட்டேன். நான்தான் கத்தரிக்காய் பொரித்த எண்ணெயைக் கருகவிட்டுக்கொண்டு நின்றேன்.

ஒரு கிழமை இருந்தது. சோதனை என்று வந்துவிட்டால் எங்கள் ஆட்களுக்குத் தெரிந்த வைத்தியம் ஒன்றுதான்: பாடமாக்குவது. விளங்குதோ விளங்கவில்லையோ, கண்ணை மூடிக்கொண்டு ஒப்புவிக்க வேண்டும். நான் அப்படித்தான் படித்தேன், என் மகனையும் அப்படித்தான் பெருக்கல் வாய்ப்பாட்டில் ஏற்றினேன். சிஞ்ஞோராவையும் அப்படியே ஏற்றுவது என்று முடிவெடுத்தேன்.

அலுமாரியில் அவருடைய பழைய அருங்காட்சியகப் புத்தகம் கிடந்தது. சுற்று எந்த அறையில் தொடங்கி எங்கே முடியும் என்று அதில் வரைபடம் இருந்தது. நான் மூன்றே மூன்றைத் தெரிந்தெடுத்தேன். அதற்கு மேல் அவரும் தாங்கமாட்டார், நானும் தாங்கமாட்டேன். முதலாவது, கீழ் மண்டபத்தில் சுவர் முழுக்க இருக்கிற சாவின் படம். இரண்டாவது, அதற்குப் பக்கத்தில் சலவைக்கல்லில் செதுக்கிய ஒரு பெரிய வீட்டுப் பெண்ணின் தலை. மூன்றாவது, மேல் மாடியில் நீல முக்காடு போட்ட மாதா.

புத்தகத்தில் இருந்த இத்தாலி எனக்குப் பாதிதான் விளங்கியது. ஃபோனில் மொழிபெயர்த்துப் பார்த்தால் அது இன்னும் மோசம். கடைசியில் படத்தைப் பார்த்து எனக்கு என்ன விளங்கியதோ அதையே பாடமாக்கினேன். அந்த மாதாவுக்குக் குழந்தை இல்லை, தலையைச் சுற்றி ஒளி இல்லை. முன்னால் புத்தகம் விரிந்து கிடக்கிறது. ஒரு கையை மெல்ல உயர்த்தியிருக்கிறாள். எனக்குப் பார்த்தவுடனே விளங்கிவிட்டது. இரண்டு நிமிடம் ஆறியிருந்து ஒரு எழுத்து வாசிப்போம் என்றால் யாரோ கூப்பிடுகிறார்கள். பொறுங்கோ, வாறன் என்கிறாள். இரண்டு வருடமாக நான் நாளுக்கு நாற்பது தரம் காட்டுகிற கை அது.

குளிக்க வார்க்கும்போதும் தலை வாரி இழுக்கும்போதும் பாஸ்தா தீத்தும்போதும் பாடம். "ஒண்டு?" என்பேன். அவர் சொல்வார். "ரெண்டு?" சொல்வார். "மூண்டு?" மூன்றாவதில் தடக்குவார், திரும்ப ஒன்றிலிருந்து தொடங்குவோம். சில நேரம் எனக்கு விசர் வந்து கத்தியும் இருக்கிறேன். முப்பது வருடம் படிப்பித்த மனுசி, வாயைத் துடைக்க விட்டுக்கொண்டு, "இன்னொருக்கா சொல்லித் தா" என்று என்னைக் கேட்பார். அந்த நேரம் மட்டும் எனக்கு அழுகை வரும். சனிக்கிழமை பின்னேரம் மூன்றையும் பிசகாமல் சொன்னார். ஏற்பாடு இதுதான்: நான் தோளைத் தொட்டால் அடுத்த பாடம்.

ஞாயிறு காலை வெளிக்கிடும்போது ஒரேத்தோவிலிருந்து என் மனுசன் ஃபோன் எடுத்தார். அவர் ஒரு ரெஸ்டோரன்ட் குசினியில் கோப்பை கழுவுகிறவர், முழங்காலில் வருத்தம். "இஞ்சேரும், இண்டைக்கும் வரமாட்டீரோ? உமக்கென்ன நேர்த்திக்கடனே? போதும், விட்டிட்டு வாரும்" என்றார். "பின்னேரம் வாறன்" என்று சொல்லி வைத்துவிட்டேன். முதல்நாள் இரவு சிஞ்ஞோரா நாலு தரம் எழுப்பியிருந்தார். எனக்குக் கண் எரிந்துகொண்டிருந்தது.

அருங்காட்சியக முற்றத்தில் பன்னிரண்டு பேர் அளவில் நின்றார்கள். வழிகாட்டி ஒரு இளம்பிள்ளை, சிரித்த முகம். ஆளுக்கொரு ஹெட்ஃபோன் தந்தாள். அவள் மைக்கில் மெதுவாகக் கதைப்பாள், எங்கள் காதில் கேட்கும். சக்கர நாற்காலியில் இருந்த சிஞ்ஞோரா, மாட்டிவிட்டவுடனேயே கழற்றி மடியில் போட்டார். "எனக்குக் காது வடிவாய்க் கேக்கும்" என்றார். மகள் சிரித்தாள். நல்ல சகுனம் என்று நினைத்தேன்.

அந்த நேரம் பார்த்து வழிகாட்டி சொன்னாள், கீழ் மண்டபத்தில் வேறொரு பெரிய கூட்டம் நிற்கிறது, அதனால் நாங்கள் மேல் மாடியிலிருந்து தொடங்கிக் கீழே வருவோம் என்று. மேல் மாடி என்றால் மூன்றாம் பாடம் முதலில். பாடமாக்கினவர்களுக்குத் தெரியும், நடுவிலிருந்தோ கடைசியிலிருந்தோ தொடங்க வராது. ஒன்று என்று வாய் திறந்தால் ஒன்றுதான் வரும்.

மகள் படியால் ஏறினாள். நானும் சிஞ்ஞோராவும் சக்கர நாற்காலியோடு லிஃப்டில். கதவு மூடினவுடன் குனிந்து காதுக்குள் சொன்னேன்.

"சிஞ்ஞோரா, இண்டைக்கு மூண்டாவதிலை இருந்து தொடங்கோணும். விளங்குதா? முதலிலை மூண்டு."

"ஓம், ஓம். மூண்டு" என்றார், விரலில் இரண்டைக் காட்டிக்கொண்டு.

நீல முக்காட்டு மாதா இவ்வளவு சின்னது என்று எனக்குத் தெரியாது. எங்கள் வீட்டுச் சாமித்தட்டுக்குள் வைக்கலாம் போல இருந்தாள். எல்லோரும் அரைவட்டமாக நின்றார்கள். வழிகாட்டி தொடங்குவதற்கு முன்னால் மகள் நாற்காலிக்குப் பக்கத்தில் குந்தி, "அம்மா, இது ஆர்?" என்று கேட்டாள். சாதாரணமாகத்தான் கேட்டாள். ஆனால் அவளுடைய கை நாற்காலிப் பிடியை இறுக்கிக்கொண்டிருந்தது.

நான் தோளைத் தொடவே இல்லை. சிஞ்ஞோராவுக்கு முகம் மலர்ந்துவிட்டது. பள்ளிக்கூடக் குரலில், எல்லோருக்கும் கேட்கத்தக்கதாக ஒப்புவித்தார்.

"இது சாவு. எலும்புக் குதிரையிலை வருது. பணக்காரருக்கு அம்பு விடுது. ஏழையள் எங்களைக் கொண்டுபோ எண்டு கும்பிடுகினம். அவையளை விட்டிட்டுப் போகுது."

மாதாவுக்கு முன்னால் இப்படிச் சொன்னதும் ஒரு கிழவி சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டார். மற்றவர்கள் சப்பாத்தைப் பார்த்தார்கள். "சிஞ்ஞோரா பகிடி விடுறா" என்றேன் நான். என் குரல் எனக்கே கீச்சென்று கேட்டது. வழிகாட்டிப் பிள்ளை நல்ல பிள்ளை. "அந்தப் படம் கீழை இருக்கு, பிறகு பாப்பம்" என்று சிரித்து மழுப்பிவிட்டுத் தன் கதையைத் தொடங்கினாள். நான் மாதாவைப் பார்த்துக்கொண்டு நின்றேன். கையை உயர்த்தியபடி அவள் பாட்டுக்கு இருந்தாள். அவளைப் பார்க்க எனக்குப் பொறாமையாகக்கூட இருந்தது, ஏனென்றால் கூப்பிட்டவர் இன்னும் படத்துக்குள் வரவில்லை.

பிறகு ஒரு மணி நேரம் அறை அறையாக நடத்தினார்கள். தங்கம் பூசின சாமிகள், அம்பு குத்தின சாமிகள், தலை வெட்டின சாமிகள். ஹெட்ஃபோனில் அந்தப் பிள்ளை மூச்சு விடுவதும் கேட்டது. எனக்கு முதுகு விறைத்துவிட்டது. ஒவ்வொரு அறையிலும் காவலுக்கு இருக்கிறவர்களுக்கு ஒரு கதிரை உண்டு. நான் படங்களைவிட அந்தக் கதிரைகளைத்தான் அதிகம் பார்த்தேன்.

கீழே வந்து சலவைக்கல் பெண்ணுக்கு முன்னால் நின்றபோது, மகள் கேட்பதற்கு முன் நானே தோளைத் தொட்டேன். சிஞ்ஞோரா, "இவள் பெரிய வீட்டுப் பிள்ளை. கண்ணைப் பாதி மூடியிருக்கிறாள், ஆரையும் பாக்க வேண்டிய தேவை இல்லை" என்றார். அட கடவுளே, சரி! அச்சொட்டாகச் சரி. ஒன்றிலிருந்து எண்ணினாலும் மூன்றிலிருந்து எண்ணினாலும் இரண்டு நடுவில்தானே. பக்கத்தில் நின்றவர்கள் கை தட்டினார்கள். மகள் குனிந்து அம்மாவின் நெற்றியில் கொஞ்சினாள், அவளுக்குக் கண் கலங்கியிருந்தது. ஒரு பத்து நிமிடம் நான் உண்மையாகவே நம்பினேன். இந்த வீடு தப்பிவிட்டது, அடுத்த ஞாயிறு நான் நித்திரை கொள்ளலாம் என்று நினைத்தேன்.

கடைசியாகச் சாவின் படம். சுவர் முழுக்க எலும்புக் குதிரை பாய்கிறது. இது சாவு என்று சொல்ல ஒருவரும் பாடமாக்கத் தேவையில்லை, சின்னப்பிள்ளைக்கும் தெரியும். மகள் நம்பிக்கையோடுதான் கேட்டாள். "இது என்ன அம்மா?"

சிஞ்ஞோரா என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் தொடக்கூடாது என்று கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன். தொடாவிட்டாலும் அவருக்குத் தெரியும், இரண்டு முடிந்தால் மூன்று.

"இவள் மரியா" என்றார். "புத்தகம் வாசிச்சுக்கொண்டிருந்தவள். ஆரோ கூப்பிட்டிட்டினம். பொறுங்கோ, வாறன் எண்டு கை காட்டுறாள்." சொல்லிவிட்டுத் தன் கையையும் அந்தக் குதிரையைப் பார்த்து மெல்ல உயர்த்தினார்.

இந்தமுறை நான் பகிடி என்று சொல்லாமல் நாற்காலியைத் திருப்பினேன்.

சுற்று முடிந்து எல்லோரும் ஹெட்ஃபோனைத் திருப்பிக் கொடுத்தார்கள். வழிகாட்டிப் பிள்ளை முற்றத்தில் சிஞ்ஞோராவோடு கதை கொடுத்துக்கொண்டு நின்றாள். மகள் என்னைத் தூண் பக்கமாகக் கூட்டிக்கொண்டு போனாள். ஏச்சு விழப்போகிறது என்று நினைத்தேன். அவள் ஏசவில்லை.

"அந்த மாதாவை அம்மா எனக்கு எத்தினை தரம் காட்டினவ தெரியுமே? வெளிச்சம் எந்தப் பக்கத்தாலை வருது, பார் எண்டுதான் ஒவ்வொருமுறையும் சொல்லுவா. பொறுங்கோ வாறன் எண்டு ஒருநாளும் சொன்னதில்லை. அது உங்கடை கதைதானே?"

"ஓம்."

"எவ்வளவு நாளாய் இப்பிடி?"

"ரெண்டு வருசம்."

"அப்ப பின்னேரத்திலை கதைக்கிறது?"

"நான் பின்னாலை நிண்டு காட்டிறனான்."

அவள் தூணில் சாய்ந்து முகத்தைப் பொத்திக்கொண்டாள். மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று எனக்குத் தெரிந்தது, ஆனால் எதற்கு என்று தொடங்குவது? கையை எடுத்தபோது அவளுடைய முகம் அம்மாவின் முகம் மாதிரியே இருந்தது.

"எனக்கும் அவவை அங்கை விட மனமில்லை" என்றாள். "படம் தெரியாட்டி என்ன, உங்களைத் தெரியுது. உங்களைத்தானே திரும்பித் திரும்பிப் பாக்கிறா. நீங்கள் ஏலும் எண்டு சொன்னால் இல்லத்துக்கு வேண்டாம் எண்டு சொல்லிவிடுறன். ஒரு வருசம் இப்பிடியே விடுவம். நீங்கள்தான் சொல்லோணும்."

இதைவிட என்ன வேண்டும்? ஒரு கிழமை நான் பட்டபாடு இதற்குத்தானே. சோதனையில் தோற்ற பிறகும் கதவு திறந்தே இருக்கிறது. ஏலும் என்று ஒரு சொல். இத்தாலிக்கு வந்த நாளிலிருந்து நான் எல்லாவற்றுக்கும் சொல்லிவந்த சொல். ஜன்னல் துடைக்க ஏலுமா, ஏலும். நத்தார் பண்டிகைக்கு நிற்க ஏலுமா, ஏலும். நான் வாயைத் திறந்தேன். ஒரு வருடம் என்பது எனக்கு முன்னால் வந்து நின்றது. ஒரு இரவுக்கு மூன்று தரம் வீதம், ஈரத்துணி, கத்தல், தட்டைத் தூக்கிக் காட்டுதல், திரும்ப ஒன்றிலிருந்து தொடங்குதல்.

"ஏலாது" என்றேன். "நான் களைச்சுப் போனன்."

சொன்னவுடன் உடம்பு லேசாகிவிட்டது. அதுதான் வெட்கம். அழுதிருந்தால் கூடப் பரவாயில்லை, எனக்கு ஆறுதலாக இருந்தது. மகள் என் தோளைத் தட்டி, "சரி. சரி" என்றாள். அவ்வளவுதான், சிஞ்ஞோராவின் வீட்டு விஷயம் முடிந்துவிட்டது.

டாக்ஸியில் மகள் முன்னால் இருந்தாள். நானும் சிஞ்ஞோராவும் பின்னால். வீதியில் ஞாயிற்றுக்கிழமைச் சனம் ஐஸ்கிரீமும் கையுமாகத் திரிந்தது. சிஞ்ஞோரா நித்திரையாகிவிடுவார் என்று பார்த்தேன், ஆகவில்லை. கொஞ்ச நேரம் என் சட்டைக் கையைச் சுரண்டிக்கொண்டிருந்துவிட்டு, மெதுவாகக் கேட்டார்.

"நான் பாஸா?"

முன்னால் மகளின் தலை அசையாமல் நின்றது.

"பாஸ்" என்றேன்.

"எத்தினை?"

"பத்துக்கு எட்டு."

அவர் யோசித்தார். படிப்பித்தவர் அல்லவா, புள்ளி போட்டது நியாயமா என்று பார்த்திருப்பார். பிறகு தலையை ஆட்டி ஒத்துக்கொண்டார். "கஷ்டப்பட்டுத்தான் பாடமாக்கினனான்" என்றார். "உன்னை அனுப்பிப் போடுவினம் எண்டு எனக்குப் பயம். இனி நீ ஒரு இடமும் போகத் தேவையில்லை, என்ன?"

எனக்கு இத்தாலியில் பதில் சொல்ல வரவில்லை. "ஓம்" என்றேன். தமிழில் அவருக்குத் தெரிந்த ஒரே சொல் அதுதான்.